பினாங்குத் தெருக்களில் ஓர் உணவு உலா: வாசகர் கேள்விகளும் பதில்களும்

கேள்வி: வரும் விடுமுறையில் குடும்பத்துடன் மலேசியாவின் பினாங்குத் தீவுக்குச் செல்கிறோம். எங்கள் ஐயா அங்கே வட்டிக்கடையில் அடுத்தாளாக, அதாவது ஏஜெண்டுக்கு அடுத்த நிலை உதவியாளராக இருந்தவர். அதன் தலைநகரான ஜார்ஜ் டவுனின் பழைய தெருக்களில் வழிகாட்டியுடன் நடந்து, பல கடைகளில் சிறிது சிறிதாகச் சாப்பிட்டுப் பார்க்கும் ‘ஃபுட் வாக்’ ஒன்றின் விளம்பரத்தைப் பார்த்தேன். தலைக்கு அவர்கள் கேட்கும் தொகையில் நாமே நாலு வேளை நன்றாகச் சாப்பிட்டுவிடலாமே என்கிறான் மகன். வழிகாட்டி உண்மையிலேயே தேவைதானா?
— வாசகர், காரைக்குடி

பதில்: வயிறு நிறைவதுதான் நோக்கம் என்றால் உங்கள் மகன் சொல்வதே சரி. பினாங்கில் நல்ல சாப்பாட்டைத் தேடிக் கண்டுபிடிக்க எவருடைய உதவியும் வேண்டியதில்லை. ஆனால் ஒரு பண்டம் ஏன் அந்தத் தெருவில் விற்கிறது, அதை முதன்முதலில் யார் யாருக்காகச் சமைத்தார் என்பதைக் கடைக்காரர் உங்களுக்குச் சொல்லமாட்டார். அவருக்கு அதற்கு நேரமும் இல்லை. அதைச் சொல்லத் தெரிந்த வழிகாட்டி கிடைத்தால், நீங்கள் கொடுக்கும் தொகை சாப்பாட்டுக்கான விலை அல்ல, அந்த ஊர் உருவான கதைக்கான விலை.

1786இல் ஆங்கிலேயக் கிழக்கிந்தியக் கம்பெனிக்காக பிரான்சிஸ் லைட் அந்தத் தீவில் குடியேற்றத்தைத் தொடங்கி, சுங்கவரி இல்லாத துறைமுகமாக அதை அறிவித்தபோது, பிழைப்புத் தேடிப் பல திசைகளிலிருந்தும் மக்கள் வந்து சேர்ந்தார்கள். தென்சீனத்தின் ஹொக்கியன், தியோச்சூ, காண்டோனீஸ் மக்கள், சுமத்திராவின் அச்சே வணிகர்கள், அரபியர், ஆர்மீனியர், சயாமியர், பர்மியர், இவர்களோடு சோழமண்டலக் கரையிலிருந்து சென்ற நம்மவர்கள் என்று ஒவ்வொரு கூட்டமும் ஒவ்வொரு தெருவைப் பிடித்துக்கொண்டது. இன்றும் ஒரு மணி நேரத்தில் நடந்து கடந்துவிடக்கூடிய பரப்பில் ஆர்மீனியன் தெரு, அச்சே தெரு, சூலியா தெரு எல்லாம் அருகருகே இருக்கின்றன. 2008இல் மலாக்காவுடன் சேர்த்து ஜார்ஜ் டவுனையும் யுனெஸ்கோ உலகப் பாரம்பரியக் களமாக அறிவித்ததற்கு இந்தக் கலப்பே முதன்மையான காரணம்.

உலாவில் நீங்கள் விட்டுவிடக் கூடாத இடம் சூலியா தெரு. தமிழ் முஸ்லிம் வணிகர்களும் மாலுமிகளும் வாழ்ந்த அந்தத் தெருவில் நாகூர் ஆண்டவருக்கு ஒரு சிறிய நினைவிடம் இருக்கிறது. பக்கத்துத் தெருவில் 1801இல் நிறுவப்பட்ட கப்பித்தான் கிளிங் பள்ளிவாசல் நிற்கிறது. நாசி கண்டார் என்ற பெயர்பெற்ற சோற்றுக்கடை உணவு பிறந்தது இந்த வட்டாரத்தில்தான். தோளில் ஒரு கழி, அதன் ஒரு முனையில் சோற்றுக்கூடை, மறுமுனையில் குழம்புச் சட்டிகள் என்று காவடிபோலச் சுமந்து, விடியற்காலையில் துறைமுகத் தொழிலாளர்களிடம் விற்றவர்கள் தமிழ் முஸ்லிம்கள். இன்று அது பெரிய கடைகளில் நாள் முழுதும் கிடைக்கிறது. இரண்டு மூன்று குழம்புகளைச் சோற்றின் மேல் ஒன்றாக ஊற்றித் தருகிறார்கள். குழம்புகளைத் தனித்தனியாகக் கேட்டு வாங்க வேண்டாம். மீன்குழம்பும் கோழிக்குழம்பும் கலந்து வரும் அந்தச் சுவைதான் நாசி கண்டார். சுமைகூலி ஒருவர் நின்றபடியே அள்ளிச் சாப்பிட்டுவிட்டு வேலைக்கு ஓடுவதற்காக உருவான சாப்பாடு அது.

இதேபோல ஒவ்வொரு பண்டத்துக்குப் பின்னாலும் ஒரு தொழில் இருக்கிறது. ஹைனான் தீவிலிருந்து வந்தவர்கள் மற்றச் சீனர்களுக்குப் பின்னால் வந்து சேர்ந்ததால், வணிகமும் கைத்தொழிலும் ஏற்கெனவே பிறர் கையில் இருந்தன. ஆகவே அவர்கள் வெள்ளைக்காரர் வீடுகளிலும் கப்பல்களிலும் சமையல்காரர்களாகச் சேர்ந்தார்கள். அங்கே கற்ற ரொட்டியையும் காப்பியையும் பிறகு சொந்தக் காப்பிக்கடைகளில் விற்றார்கள். தேங்காய்ப்பாலும் முட்டையும் சர்க்கரையும் சேர்த்துக் கிண்டிய ‘காயா’வைத் தணலில் வாட்டிய ரொட்டியில் தடவித் தருவது அவர்கள் வழி வந்ததுதான். இந்த வரலாற்றைக் கேட்டுவிட்டு அந்த ரொட்டியைக் கடிப்பதற்கும், கேட்காமல் கடிப்பதற்கும் மிகுந்த வேறுபாடு உண்டு என்பதை நீங்களே உணர்வீர்கள்.

ஐயா இருந்த கடை எது என்று உங்களுக்குத் தெரியாவிட்டாலும், பினாங்குத் தெருவுக்கு அழைத்துச் செல்லும்படி வழிகாட்டியிடம் முன்கூட்டியே சொல்லிவிடுங்கள். நகரத்தார் தங்கித் தொழில் செய்த கூடங்களான கிட்டங்கிகள் அங்கேதான் இருந்தன. தைப்பூசத்துக்கு முதல்நாள் வெள்ளித்தேர் தண்ணீர்மலைச் சாலையில் உள்ள நகரத்தார் தண்டாயுதபாணி கோயிலுக்குப் புறப்படுவதும் அந்தத் தெருவின் கோயில்வீட்டிலிருந்துதான். பொதுவான உணவு உலாக்களில் இந்த இடத்தில் நிற்க மாட்டார்கள், ஏனென்றால் அங்கே விற்பதற்கு ஒன்றும் இல்லை. உங்களுக்கு அது முக்கியமான இடம், கேட்டுப் பெறுங்கள்.

கேள்வி: நான் வெள்ளிக்கிழமையும் கார்த்திகையும் சைவம். என் மருமகள் எல்லா நாளும் சைவம். இப்படிப்பட்டவர்கள் இந்த உலாவில் சேர்ந்து என்ன செய்வது? சும்மா வேடிக்கை பார்த்துக்கொண்டு நடக்க வேண்டியதுதானா?
— ஓர் ஆச்சி, தேவகோட்டை

பதில்: அப்படி இல்லை, ஆச்சி. ஆனால் முன்னெச்சரிக்கை மிகவும் தேவை. பினாங்கில் கறி, மீன் துண்டு கண்ணுக்குத் தெரியாத பண்டத்திலும் பெலாச்சான் என்னும் இறால் விழுது கரைந்திருக்கும். சம்பால் என்று எது வந்தாலும் அது இருப்பதாகவே எடுத்துக்கொள்ளுங்கள். புளிப்பும் புதினாவும் மணக்கும் அசாம் லக்சாவைப் பார்த்தால் ரசம்போலத் தோன்றும். ஆனால் அதன் சாறே மீனை வேகவைத்து உதிர்த்துச் செய்தது, மேலே கருநிற இறால் பாகும் ஊற்றுவார்கள். சார் குவே தியோ என்ற அரிசி நூடுல்ஸ் வறுவலில் இறாலும் சிப்பியும் சேரும், பல கடைகளில் பன்றிக் கொழுப்பிலேயே வதக்குவார்கள்.

உங்கள் மருமகள் தயங்காமல் சாப்பிடக்கூடியவையும் இருக்கின்றன. தேங்காய்ப்பால், பனைவெல்லப் பாகு, பச்சைநிற மாவு இழைகள், சிவப்புப் பயறு எல்லாம் சேர்த்து ஐஸ் சீவிப் போடும் செண்டோல், தெருவோரச் சிறு சட்டிகளில் சுடும் அப்பம், ஜாதிக்காய்ச் சாறு, பருப்புக் குழம்புடன் ரொட்டி சானாய் ஆகியவை உண்டு. அப்பத்தில் சிலர் முட்டை சேர்ப்பார்கள், ரொட்டிக்கு வரும் குழம்பு சில கடைகளில் மீன்குழம்பாக இருக்கும், ஆகவே இரண்டிலும் ஒரு வார்த்தை கேட்டுக்கொள்ள வேண்டும். சீனர்களின் சைவ உணவகங்களும் அங்கே பல இருக்கின்றன; அவற்றில் வெங்காயம், பூண்டுகூடச் சேர்க்காத கடைகள் உண்டு. சீன நாட்காட்டியின் ஒன்பதாம் மாதத்தில் ஒன்பது பேரரசர் தெய்வங்களுக்கு எடுக்கும் விழாவின்போது ஏராளமான சீனர்கள் ஒன்பது நாள் விரதம் இருப்பதால், தெருவெங்கும் மஞ்சள் கொடி கட்டிய சைவக் கடைகளைக் காணலாம். அது பெரும்பாலும் செப்டம்பர் இறுதியிலோ அக்டோபரிலோ வரும்; மழைக்காலம்தான், ஆனாலும் சைவர்களுக்கு அதைவிட நல்ல காலம் இல்லை என்பேன்.

பதிவு செய்யும்போது ‘வெஜிடேரியன்’ என்று மட்டும் எழுதாதீர்கள். இறால் விழுது, மீன்சாறு, சிப்பிச்சாறு, முட்டை ஆகியவற்றில் எது ஆகாது என்று ஒவ்வொன்றாக எழுதுங்கள். பதில் தெளிவாக வராத நிறுவனத்தை விட்டுவிடுவதே நல்லது.

கேள்வி: நல்ல வழிகாட்டியை எப்படித் தெரிந்துகொள்வது?
— வாசகர், பள்ளத்தூர்

பதில்: மலேசியாவில் சுற்றுலா வழிகாட்டிக்கு அரசின் உரிமம் கட்டாயம், உரிம அட்டையை அணிந்திருப்பார்கள், இல்லையென்றால் கேளுங்கள். குழுவில் எத்தனை பேர் என்பதையும் கேளுங்கள். அந்த நடைபாதைகளில் பத்துப் பேருக்கு மேல் நின்றால் பின்னால் இருப்பவருக்கு ஒன்றும் காதில் விழாது. சாப்பாட்டுச் செலவு கட்டணத்தில் அடக்கமா, இடையில் உட்கார இடம் உண்டா என்பவை முதியவர்களுடன் செல்வோர் முன்பே கேட்க வேண்டிய செய்திகள். மூன்று, நான்கு மணி நேரம் அந்தப் புழுக்கத்தில் நடப்பது எளிதல்ல. சீனப் புத்தாண்டு நாட்களில் சீனக் கடைகள் பலவும், ரமலான் மாதப் பகலில் முஸ்லிம் கடைகள் பலவும் அடைத்திருக்கும் என்பதையும் நினைவில் வையுங்கள்.

கேள்வி: நூறாண்டுக்கு மேல் நகரத்தார் பினாங்குக்குக் கொண்டுவிற்க, அதாவது தொழில் செய்யப் போயிருக்கிறார்கள். அப்படியானால் அந்த ஊர்த் தெருச் சாப்பாட்டில் நம் செட்டிநாட்டுச் சமையலின் தடம் இருக்குமே? உலாவில் அதைக் காட்டுவார்களா?
— வாசகி, கானாடுகாத்தான்

பதில்: இந்தக் கேள்வியை எழுப்பியதற்கு நன்றி. நேர்மையாகச் சொன்னால், மிகக் குறைவாகவே இருக்கிறது. அதற்கான காரணம் நம் வரலாற்றிலேயே இருக்கிறது.

கிட்டங்கி என்பது நீண்ட கூடம். அதில் ஒவ்வொரு கடைக்கும் ஒரு பெட்டி, ஒரு பாய், ஒரு சாய்வுமேசை. பகலில் அதுவே அலுவலகம், இரவில் படுக்கை. முதலாளியின் ஏஜெண்டும் அடுத்தாளும் பெட்டியடிப் பையனும் மூன்றாண்டுத் தவணைக்குச் செல்வார்கள்; பெண்டு பிள்ளைகள் ஊரிலேயே இருப்பார்கள். சமையல் பின்கட்டில், ஊரிலிருந்து கூட்டிச்சென்ற சமையல்காரர் கையில். அந்தச் சாப்பாடு கிட்டங்கிக்குள்ளேயே பரிமாறப்பட்டு, அங்கேயே முடிந்துபோனது. அதைத் தெருவில் விற்க வேண்டிய தேவை நம்மவர்களுக்கு ஏற்படவில்லை. மாறாக, சோற்றுக்கூடை சுமந்த தமிழ் முஸ்லிம்களும் துறைமுகத்தில் மூட்டை தூக்கிய தமிழ்த் தொழிலாளர்களும் தங்கள் உணவைத் தெருவுக்குக் கொண்டுவந்தார்கள். மலாய்க்காரரும் சீனரும் அதைச் சாப்பிட்டார்கள். அவர்கள் நாவுக்கேற்ப அது மாறியது. மஞ்சள் நூடுல்ஸைத் தக்காளியும் மிளகாயும் உருளைக்கிழங்கும் போட்டு வறுக்கும் மீ கோரெங், வடை போன்ற பொரிப்புகளை நறுக்கிச் சர்க்கரைவள்ளிக் கிழங்குச் சாறு ஊற்றித் தரும் பசெம்பூர் இரண்டும் அப்படிப் பிறந்தவை. ஊர் உணவாகப் பினாங்கில் வேர் பிடித்தது, பிழைப்புக்காக விற்கப்பட்ட சமையல்தான். இதை நாம் மனமாரப் பாராட்ட வேண்டும். தமிழரின் சுவை அந்தத் தீவில் நிலைத்ததற்கு உழைப்பாளிகளே காரணம்.

நம் வீடுகளைப் பொறுத்தவரை, சுவை எதிர்த்திசையில் பயணம் செய்தது. விருந்தில் முதலில் வைக்கும் கவுனி அரிசி என்னும் கருப்பரிசி இனிப்பு பர்மாத் தொடர்பால் நம் அடுப்படிக்கு வந்தது என்றே பெரியவர்கள் சொல்லுவார்கள். வறுத்த ரவையில் வெல்லப்பாகு சேர்த்துச் செய்யும் புட்டுக்கு ரங்கூனின் பெயரையே வைத்திருக்கிறோம். பினாங்கில் கருப்புப் புட்டரிசியைக் குழைய வேகவைத்துத் தேங்காய்ப்பால் ஊற்றித் தரும் ‘புபூர் புலுட் ஹித்தாம்’ என்ற கஞ்சியை ஒருமுறை சாப்பிட்டுப் பாருங்கள். நம் ஆச்சிமார் செய்யும் கவுனியின் மணம் அதில் இருப்பதைக் கண்டுகொள்வீர்கள்; நெய்யும் துருவிய தேங்காயும்தான் இருக்காது.

கேள்வி: நானும் என் தோழிகள் இருவரும் காரைக்குடியிலோ கானாடுகாத்தானிலோ இப்படி ஓர் உணவு உலா நடத்தலாம் என்று நினைக்கிறோம். வெளியூரார் நம் வீடுகளைப் படம் எடுத்துவிட்டு, ஹோட்டலில் காரமாக ஒரு கோழி வறுவல் சாப்பிட்டுவிட்டுப் போய்விடுகிறார்கள். எங்கே தொடங்குவது?
— வாசகி, காரைக்குடி

பதில்: உங்கள் மனக்குறை என் மனக்குறையும்கூட. ‘செட்டிநாடு’ என்ற பலகை மாட்டிய கடைகளில் எல்லாம் காரம் ஒன்றையே நம் சமையலாகக் காட்டிவிட்டார்கள். கல்பாசியின் மணமும், மண்டி என்னும் குழம்பின் புளிப்பும், பால்பணியாரத்தின் மென்மையும் வெளியூராருக்குத் தெரிவதே இல்லை. ஆகவே கட்டாயம் தொடங்குங்கள்.

பினாங்கில் குடிவந்தவர்களின் கதையைத் தெரு சொல்கிறது. இங்கே புறப்பட்டுப் போனவர்களின் கதையை வீடு சொல்ல வேண்டும். முகப்பிலும் வளவு என்னும் உள்முற்றத்திலும் நிற்கும் பர்மாத் தேக்குத் தூண்களையும் இத்தாலியப் பளிங்கையும் காட்டிவிட்டு அங்கேயே நின்றுவிடாதீர்கள். விருந்தினர்களை நேரே அடுப்படிக்கு அழைத்துச் செல்லுங்கள். ஆட்டுக்கல், அம்மி, வெளிநாட்டிலிருந்து வந்த மங்குச் சாமான்கள், ஊறுகாய் ஜாடிகள் எல்லாம் அங்கே இருக்கின்றன. ஆண்கள் மூன்றாண்டு கடல் கடந்திருந்த காலத்தில் அந்த வீட்டை நடத்திய பெண்கள் என்ன சமைத்தார்கள், கப்பலேறுபவருக்குத் தேன்குழலும் சீப்புச்சீடையும் மாவுருண்டையும் எப்படித் தகர டின்களில் அடைத்துக் கொடுத்தார்கள் என்பதை ஒரு மூத்த ஆச்சியின் வாயால் கேட்கும்படி செய்தால், அதைவிடச் சிறந்த வழிகாட்டுதல் கிடையாது. அவருக்கு உரிய தொகையையும் தவறாமல் கொடுங்கள். பெருவீடுகளில் சமைத்தவர்களின் குடும்பங்களையும், 1960களில் பர்மாவிலிருந்து எல்லாம் இழந்து திரும்பியவர்களின் குடும்பங்களையும் தேடிப்போய்க் கேளுங்கள். அவர்கள் பங்கு இல்லாமல் இந்த ஊரின் உணவுக்கதை பாதிதான்.

நடைமுறையில் இரண்டு செய்திகள். கானாடுகாத்தானில் தெருக்கள் அகலமாகவும் நேராகவும் இருப்பதால் நடப்பதற்கு அதுவே வசதி. காரைக்குடியில் போக்குவரத்துக்கு நடுவே பத்துப் பேரை அழைத்துச் செல்வது கடினம். அடுத்து, வீடுகள் பல பங்காளிகளுக்குப் பொதுவாக இருப்பதால், சாவி வைத்திருப்பவர் ஒருவர் சரி என்று சொன்னால் மட்டும் போதாது. மற்றப் பங்காளிகளிடமும் பேசி ஒப்புதல் பெற்ற பிறகே விளம்பரம் செய்யுங்கள். காலை ஏழு மணிக்கு வெள்ளைப் பணியாரத்துடனும் வரமிளகாய்ச் சட்னியுடனும் தொடங்கினால் வெயில் ஏறுவதற்குள் முடித்துவிடலாம். ஓர் உலாவுக்கு ஆறு பண்டங்களுக்கு மேல் வேண்டாம், ஒவ்வொன்றும் இரண்டு வாய்க்குள் இருக்கட்டும். கவுனி அரிசியைக் கடைசியாக வைத்து, அப்போது ரங்கூனைப் பற்றிப் பேசுங்கள்.