டைட்டிலில் இல்லாத பெயர்

அன்புள்ள ஐயா,

என் பாட்டியின் அக்கா ஐம்பதுகளில் குறைந்த செலவில் எடுத்த சில படங்களில் தோழி வேடத்திலும் குழு நடனத்திலும் நடித்தவர். வீட்டில் இருப்பது கண்ணாடிச் சட்டம் போட்ட ஒரே ஒரு புகைப்படம். இணையத்தில் கிடைத்த இரண்டு படங்களின் டைட்டிலில் அவர் பெயர் இல்லை. நடித்தேன் என்று அவர் சொன்னது பொய்யோ என்று வீட்டில் பேசிக்கொள்கிறார்கள். எங்கே தேடுவது?

ஒரு வாசகி, குடியாத்தம்

அன்புள்ள வாசகிக்கு,

டைட்டிலை வைத்து உங்கள் பெரிய பாட்டியைப் பொய்யராக்கிவிடாதீர்கள். சென்னையில் ஓடித் தேய்ந்த ஃபிலிம் பிரதிதான் பிறகு வேலூர், ஆரணி, குடியாத்தம் பக்கத்து டூரிங் கொட்டகைகளுக்கு வரும். ஒவ்வொரு காட்சிக்கும் ஆபரேட்டர் புரொஜக்டரில் கோத்து ஓட்டுவது ரீலின் தலைப்பகுதியை. முன்னால் ஒட்டிய வெற்று ஃபிலிம் தேய்ந்து தீர்ந்ததும், அடுத்துக் கிழிவது முதல் ரீலில் இருக்கும் டைட்டில்தான். ஃபிலிம் ஓரத்துத் துளை கிழிந்த இடத்தை வெட்டி ஒட்டுவார்கள். நீங்கள் இணையத்தில் பார்த்ததும் அப்படி வெட்டுப்பட்ட பிரதியின் நகலாக இருக்கலாம். பெயர்கள் எழுதிய ஒரு டைட்டில் அட்டை திரையில் நான்கு வினாடி நின்றால் 96 ஃபிரேம், அதாவது ஆறடி ஃபிலிம். அந்த ஆறடி போனால் துணை நடிகையர் பத்துப் பேரின் பெயரும் போயிற்று. குழு நடனம் ஆடியவர்களுக்குப் பல படங்களில் அட்டையே கிடையாது.

ஆகவே பாட்டுப் புத்தகத்தைத் தேடுங்கள். கொட்டகை வாசலில் விற்ற அந்த மெல்லிய புத்தகத்தில் நடிகர், நடிகையர் பெயர்கள் பாத்திரப் பெயரோடு இருக்கும். சென்னை தரமணியில் உள்ள ரோஜா முத்தையா ஆராய்ச்சி நூலகத்தில் இவற்றைச் சேர்த்து வைத்திருக்கிறார்கள். ஆண்டு அச்சிடாத புத்தகமானால் விலையைப் பாருங்கள்: அணா என்றால் பெரும்பாலும் 1957 ஏப்ரலுக்கு முந்தியது, நயா பைசா என்றால் பிந்தியது. அந்த ஆண்டுகளின் 'பேசும் படம்', 'குண்டூசி' சினிமா இதழ்களையும் புரட்டுங்கள். ஒரே பெயரில் இரண்டு மூன்று பேர் இருந்திருப்பார்கள். முன்னெழுத்தும் படத்துக்குப் படம் மாறும். உங்கள் பக்கம் சித்தூர் எல்லை என்பதால் தெலுங்குப் பாட்டுப் புத்தகங்களையும் விட்டுவிடாதீர்கள்.

புகைப்படத்தைக் கண்ணாடியிலிருந்து பிய்க்க வேண்டாம். ஈரப்பதத்தில் படத்தின் ஜெலட்டின் பூச்சு கண்ணாடியோடு ஒட்டியிருந்தால், இழுக்கும்போது முகம் உரிந்து வந்துவிடும். கண்ணாடியோடு சேர்த்தே, பக்கவாட்டு வெளிச்சத்தில் படம் எடுத்துக்கொள்ளுங்கள். பின்பக்க அட்டையை மட்டும் மெல்லக் கழற்றினால், ஸ்டில் எடுத்தவரின் ரப்பர் முத்திரை கிடைக்கலாம். முந்தானை வலது தோளில் விழுந்திருந்தால் படம் இடவலம் மாறி அச்சாகியிருக்கக்கூடும். மூக்குத்தியை வைத்து ஆளை அடையாளம் காணுமுன் அதைச் சரிபாருங்கள்.

திரையில் அவரைக் கண்டுபிடித்தால் நிமிடக் கணக்கை மட்டும் குறித்து வைக்காதீர்கள். பிரதிக்குப் பிரதி வெட்டு வேறு, நிமிடமும் மாறும். பாட்டின் முதல் அடியையும், வரிசையில் இடப்பக்கத்திலிருந்து எத்தனையாவதாக நிற்கிறார் என்பதையும் எழுதிக்கொள்ளுங்கள்.