ருமேனியாவுக்கு மருத்துவம் படிக்க அனுப்பும் முன்

அம்மா, உங்கள் கடிதம் கிடைத்தது. மகள் நீட் தேறிவிட்டாள், ஆனால் அரசு இடம் கிடைக்கும் மதிப்பெண் இல்லை. ருமேனியாவில் ஆறு வருட மருத்துவப் படிப்புக்கு அவளுடைய தாய்மாமா ஏஜென்ட் வரைக்கும் பேசிவிட்டார். சிறு வயதிலிருந்து வயலின் வாசிக்கும் அவளோ, "ருமேனியாவில் எனக்குத் தெரிந்தவர் விளாடிமிர் கொஸ்மா மட்டும்தான், அவரைப் போலப் படத்துக்கு இசை எழுதணும்" என்கிறாள். அதில் பிழைக்க முடியுமா என்று கேட்கிறீர்கள்.

கவலைப்படாதீர்கள் என்று எழுதி முடிக்க எனக்கு மனமில்லை. ஏஜென்ட் காட்டும் வழி வேண்டாம். வீட்டுப் பத்திரத்தை வைத்துக் கட்டணம் கட்டி, படித்துத் திரும்பிய பிறகும் இங்கே தகுதித் தேர்வில் தேறினால்தான் மருத்துவராகப் பதிவு செய்ய முடியும். ஆசையோடு போகிற பிள்ளைகளே அதில் திணறுகிறார்கள். ஆசையே இல்லாத பிள்ளையின் பேரில் கடன் வாங்குவதற்கு நான் ஒருநாளும் சம்மதிக்க மாட்டேன்.

கொஸ்மா 1940இல் புக்காரெஸ்ட்டில் பிறந்தவர். அப்பா தியோடர் பியானோ கலைஞர், இசைக்குழு நடத்துனர். அந்த வசதி உங்கள் வீட்டில் இல்லை. அதனால் நல்ல ஆசிரியர் வேண்டும், அதற்குச் செலவு செய்யுங்கள். புக்காரெஸ்ட் கன்சர்வேட்டரி என்ற இசைக் கல்லூரியில் அடித்தளத்தை முடித்துக்கொண்டுதான் 1963இல் அவர் பாரிஸ் போனார். அங்கே நாடியா பூலான்ஜே என்ற பெயர்பெற்ற இசை ஆசிரியையிடம் மேலும் படித்தார், கச்சேரிகளில் வயலின் வாசித்தார். எடுத்த எடுப்பிலேயே இசையமைப்பாளர் ஆகிவிடவில்லை. மிஷெல் லெக்ரான் என்ற பிரெஞ்சு இசையமைப்பாளரிடம் அரேஞ்சராக வேலை பார்த்தார். அந்தப் பழக்கத்தில்தான் இயக்குநர் ஈவ் ரொபேரின் படம் அவர் கைக்கு வந்தது. 1968இல் அது வெளியானபோது அவருக்கு முப்பதுகூட ஆகவில்லை. பிற்பாடு பிரான்சின் திரைப்பட விருதான செசார் இரண்டு முறை.

பாட்டுப் போட்டி, யூடியூப், சவுண்ட் இன்ஜினியரிங் எல்லாம் நீங்கள் கேள்விப்பட்டவை, விட்டுவிடுகிறேன். அந்த அரேஞ்சர் வேலையைத்தான் யாரும் பிள்ளைகளிடம் சொல்வதில்லை. இசையமைப்பாளர் ஒரு மெட்டையும் குறிப்புகளையும் கொடுப்பார். எந்த வரியை செல்லோ வாசிக்கணும், எங்கே புல்லாங்குழல் நுழையணும் என்று பிரித்து, எல்லா வாத்தியங்களுக்குமான இசைத் தாளை, அதாவது ஸ்கோரை, எழுதுவது அரேஞ்சர். பி ஃபிளாட் கிளாரினெட் எழுதியதைவிடத் தாழ்ந்து ஒலிக்கும், அதில் 'சி' சுரம் கேட்க வேண்டுமென்றால் தாளில் 'டி' எழுத வேண்டும். வயலினைவிடச் சற்றுப் பெரிய வயோலாவுக்குத் தனி க்ளெஃப், அதாவது எந்தக் கோடு எந்தச் சுரம் என்று காட்டும் குறி. பின்னணி இசையென்றால் நேரக் கணக்கும் சேரும்: நிமிடத்துக்கு 120 தட்டு என்ற வேகத்தில், நான்கு தட்டு கொண்ட ஒரு பார் (தாளச் சுற்று) இரண்டு விநாடி. 19 விநாடிக் காட்சிக்கு ஒன்பதரை பார். அந்த அரை பாரை எங்கே ஒளிப்பது என்பதுதான் திறமை. ஒவ்வொரு கலைஞருக்கும் அவரவர் வாசிக்க வேண்டிய பகுதியைப் பிழையில்லாமல் எழுதிக் கொடுக்கவும் ஆள் வேண்டும். இதெல்லாம் கூலி கிடைக்கிற வேலைகள்.

கொஸ்மாவிடம் எனக்கு மிகவும் பிடித்த விஷயம் ஒன்று. 1972இல் ரொபேர் எடுத்த உளவாளி நகைச்சுவைப் படத்துக்கு, அதிரடி இசையை ஒதுக்கிவிட்டுத் தன் ஊர் சிர்பா நடனத்தின் தாளத்தை எடுத்தார். கியோர்கே சம்ஃபிரின் பான் புல்லாங்குழல், கூடவே குச்சியால் தட்டி வாசிக்கும் தந்தி வாத்தியமான சிம்பலோம். ஊரை விட்டு வந்தவர் ஊர் இசையை விடவில்லை. உங்கள் மகளும் இங்கே கற்றதை மூட்டை கட்டி வைக்கத் தேவையில்லை.

அவளும் கொஸ்மா ஆகிவிடுவாள் என்று நான் சொல்லவில்லை. வருமானம் முதல் சில வருடங்கள் சீராக இருக்காது. அதனால் குறைந்த கட்டணத்தில் ஒரு பட்டப்படிப்பில் சேருங்கள், கூடவே லண்டன் ட்ரினிட்டி கல்லூரியின் இசைத் தியரித் தேர்வுகள். லட்சக்கணக்கில் கணினி, மென்பொருள் எதுவும் இப்போது வாங்காதீர்கள், ஸ்கோர் எழுதும் மியூஸ்ஸ்கோர் மென்பொருள் இலவசம். ஒரு நிமிடக் காட்சியை ஒலியை அணைத்துப் போட்டு, இரண்டு வயலின், ஒரு வயோலா, ஒரு செல்லோவுக்கு எழுதட்டும், நான்கு பேரைப் பிடித்து வாசிக்க வைத்துக் கேட்கட்டும். ஒரு வருடம் இதையே செய்து சலிக்கவில்லை என்றால், அப்புறம் வெளிநாட்டு இசைக் கல்லூரி பற்றிப் பேசலாம். அதற்கும் வீட்டை அடமானம் வைக்கக் கூடாது.

ஏஜென்ட்டுக்கு முன்பணம் கட்டாதீர்கள். மாமாவிடம் இதை நீங்களே சொல்லுங்கள், அவளைச் சொல்ல விடாதீர்கள்.