தெர்மோகோல் என்று பெயர் வைத்துக்கொண்ட பாடகி

பங்க் (எழுபதுகளில் பிரிட்டனைக் கலக்கிய முரட்டு ராக் இசை) என்றாலே எல்லாரும் செக்ஸ் பிஸ்டல்ஸ், க்ளாஷ் என்று இரண்டு குழுக்களைத்தான் சொல்கிறார்கள், அந்தக் கூட்டத்திலிருந்து வந்தவர்களில் வேறு யாரைக் கேட்கலாம் என்பது உங்கள் கேள்வி. யோசிக்காமல் சொல்வேன், பாலி ஸ்டைரீன்.

பெயரைப் பார்த்துச் சிரிப்பு வந்தால் சிரியுங்கள், அதற்காகத்தான் வைத்தார். புது டிவி வாங்கினால் பெட்டிக்குள் வருமே தெர்மோகோல், அந்தச் சரக்குதான் பாலிஸ்டைரீன். டெலிபோன் மஞ்சள் பக்கங்களைப் புரட்டி எடுத்த பெயர். பாப் நட்சத்திரம் என்பதே லேசான, உபயோகித்துத் தூக்கிப்போடுகிற சாமான்தானே என்ற கிண்டல்.

நிஜப்பெயர் மரியான் எலியட்-சயீத். அப்பா சோமாலியர், அம்மா பிரிட்டிஷ் வெள்ளைக்காரர். 1976 ஜூலை 3, தன் 19-வது பிறந்தநாளன்று இங்கிலாந்தின் ஹேஸ்டிங்ஸ் ஊரில் செக்ஸ் பிஸ்டல்ஸ் கச்சேரியைப் பார்த்தார், இதை நாமே செய்யலாமே என்று தோன்றியிருக்கிறது, பத்திரிகையில் விளம்பரம் கொடுத்து ஆள் சேர்த்துவிட்டார். அதுதான் எக்ஸ்-ரே ஸ்பெக்ஸ் குழு. கிட்டாரோடு சாக்ஸபோனும் சண்டைக்கு நிற்கும். (கத்ரி கோபால்நாத்தை நினைத்துக்கொண்டு போகாதீர்கள்.) பல்லில் கம்பி, கண்ணைப் பறிக்கும் கலரில் உடுப்பு, பங்க் என்றால் கறுப்புத் தோல் ஜாக்கெட் என்றிருந்தவர்கள் நடுவில் இப்படி ஒரு பெண்.

1978-இல் வந்த 'ஜெர்ம்ஃப்ரீ அடோலசன்ட்ஸ்' ஆல்பம் முழுக்க பிளாஸ்டிக், விளம்பரம், கிருமிப் பயத்தில் சுத்தப் பைத்தியம் பிடித்த இளசுகள். மற்றவர்கள் அரசாங்கத்தைத் திட்டிக்கொண்டிருந்தபோது இவர் சூப்பர்மார்க்கெட்டைப் பார்த்துப் பாடினார். எனக்கு அதுதான் பெரிய விஷயமாகப் படுகிறது.

அப்புறம் உடம்பு ஒத்துழைக்கவில்லை. மனச்சிதைவு என்று தவறாக முடிவுகட்டினார்கள், இருமுனைக் கோளாறு என்று தெரிய 1991 ஆகிவிட்டது. அதற்கு ரொம்ப முன்பே, 1979-இல், குழுவை விட்டிருந்தார். அடுத்த வருடமே ஜாஸ் சாயலில் ஒரு தனி ஆல்பம். பங்க் ரசிகர்களுக்கு அது ஏமாற்றம், எனக்கு ராத்திரியில் கேட்கப் பிடிக்கும். பிறகு ஹரே கிருஷ்ணா இயக்கத்தில் சேர்ந்தார். 2011 மார்ச்சில் கடைசி ஆல்பம், ஏப்ரலில் புற்றுநோயால் இறந்துவிட்டார், 53 வயது.

சரி, எங்கே தொடங்குவது? 1977-இல் வந்த எக்ஸ்-ரே ஸ்பெக்ஸின் முதல் சிங்கிளில், அதாவது ஆல்பமாக இல்லாமல் தனிப்பாட்டாக வந்த ரெக்கார்டில். ஹெட்போன் என்றால் சத்தத்தைக் குறைத்து வைத்துக்கொள்ளுங்கள். ஆரம்பத்தில் சின்னப் பிள்ளை மாதிரி மெதுவாகப் பேசுவார், அது சரியாகக் கேட்கவில்லையே என்று நான் கூட்டிவைத்தேன், அடுத்த நொடி காது போயிற்று.