மலேசியாவில் ஒரு பெண், பத்திரிகையாளராக இருந்துகொண்டு பெண்ணுரிமைக்காக எழுதிப் பிழைக்க முடியுமா?

முடியும். கேள்விக்குப் பதில் அவ்வளவுதான்.

உங்களுக்கு இருபதுகளில் வயது இருக்கும், படிப்பை முடித்திருப்பீர்கள், வீட்டில் "டீச்சர் வேலைக்கு மனுப் போடு" என்று சொல்லிக்கொண்டிருப்பார்கள் என்று நினைக்கிறேன். ஆனால் கேள்வியின் கீழே ஒரு வரி எழுதியிருக்கிறீர்கள்: "சமையல் குறிப்பு போடும் பெண்கள் பக்கத்தில் மாட்டிக்கொள்ளாமல் உண்மையான பத்திரிகையாளராக வேண்டும்." அந்த வரிக்காகத்தான் இவ்வளவு நீளமாக எழுத உட்கார்ந்தேன். என் தொழில் வாழ்க்கையில் பாதி அந்தப் பக்கத்தில்தான் போனது. அதில் எனக்குப் பெருமைதான்.

தொண்ணூறுகளில் கோலாலம்பூரில் ஒரு தமிழ் நாளிதழில் நிருபராகச் சேர்ந்தேன். பேர் வேண்டாம். கொஞ்ச நாளில் ஞாயிறு பதிப்பின் பெண்கள் பக்கத்தை என் தலையில் கட்டினார்கள். வடை, முகப்பூச்சு, குழந்தைக்குச் சளி பிடித்தால் கைமருத்துவம். ஆண் நிருபர்கள் அரசியல் கூட்டங்களுக்குப் போவார்கள்.

அந்தச் சமயத்தில்தான் குடும்ப வன்முறைச் சட்டம் அமலுக்கு வந்திருந்தது. 1985 முதலே பெண்கள் அமைப்புகள் கேட்டுக்கேட்டு, 1994இல் நாடாளுமன்றத்தில் நிறைவேறி, 1996இல்தான் நடைமுறைக்கு வந்த சட்டம் அது. எங்கள் பத்திரிகையில் ஒரு சின்னச் செய்தியாக வந்து போனது. நம் ஜனங்களில் முக்கால்வாசிப் பேருக்கு அப்படியொன்று இருப்பதே தெரியாது.

ஒரு மத்தியானம் செந்தூல் பக்கமிருந்து ஒரு அக்கா அலுவலகத்துக்கு வந்தார். அப்போதெல்லாம் நம்மவர்களுக்கு ஒரு பிரச்சினை என்றால் கட்சிக் கிளைத் தலைவர், கோயில் தலைவர், அதற்கடுத்து தமிழ்ப் பத்திரிகை. கையில் ஒரு பிளாஸ்டிக் பை. உள்ளே பிள்ளைகளின் பிறப்புப் பத்திரம், கிளினிக் சீட்டு, ஒரு பள்ளிச் சீருடை. இடது காதுக்குப் பின்னால் தையல் போட்டிருந்தது. அதை மறைக்கக் கொண்டையைத் தாழ்த்திப் போட்டிருந்தார். போலீஸ் நிலையத்தில், இது குடும்ப விஷயம், வீட்டிலேயே பேசித் தீர்த்துக்கொள்ளுங்கள் என்று அனுப்பிவிட்டார்களாம்.

செய்திப் பிரிவில் முதலில் கேட்ட கேள்வி, "ஏன் அடித்தானாம்?" அதற்கு அந்த அக்கா என்ன பதில் சொன்னாலும் அது அவருக்கு எதிராகத்தான் திரும்பும். அடுத்தது படம். முகம் தெரிகிற மாதிரி ஒரு படம், மேலே "இளம் தாய் கதறல்" என்று தலைப்பு. அந்த அக்கா கதறவே இல்லை. தண்ணீர் வாங்கிக் குடித்துவிட்டு, "இன்றைக்கு ராத்திரி பிள்ளைகளை எங்கே படுக்கவைப்பது என்று மட்டும் சொல்லுங்கள்" என்றுதான் கேட்டார்.

படம் கிடையாது, பேர் கிடையாது, இந்தச் செய்தி என் பக்கத்தில் வரட்டும் என்று பிடிவாதமாக நின்றேன். அந்த வாரம் வடைக்குறிப்பை எடுத்துவிட்டு, "அடி விழுந்தால் எங்கே போவது?" என்ற தலைப்பில் ஒரு தகவல் கட்டம் (பெட்டிச் செய்தி) போட்டோம். போலீசில் புகார் கொடுங்கள், புகாரின் நகலைக் கேட்டு வாங்குங்கள். காயம் இருந்தால் அரசாங்க மருத்துவமனைக்குப் போங்கள், கோலாலம்பூர் பொது மருத்துவமனையில் இதற்கென்றே ஒரு பிரிவு இருக்கிறது. சமூக நல இலாகா அதிகாரியைப் பாருங்கள், மறுபடி அடிக்கக் கூடாது என்கிற இடைக்காலப் பாதுகாப்பு ஆணையை மாஜிஸ்திரேட் நீதிமன்றத்தில் கேட்க அவர்கள் உதவுவார்கள். தங்க இடமில்லை என்றால் பெண்கள் உதவி அமைப்பின் காப்பகம் இருக்கிறது. எல்லாம் நாலாம் வகுப்புப் பிள்ளைக்கும் புரிகிற தமிழில். பக்கம் கட்டுகிற அண்ணன் ஒரு விளம்பரத்தைச் சுருக்கி எனக்காக இடம் ஒதுக்கித் தந்தார். விளம்பரப் பிரிவில் அதற்காக அவர் திட்டு வாங்கினார். ஆண்கள் எல்லாரும் எதிரிகள் என்று நான் எழுதுவதாக இங்கே யாராவது சொல்வதற்கு முன்னால் அவரையும் நினைத்துக்கொள்ளுங்கள்.

குடும்பத்தைப் பிரிக்கிறாள் என்று கடிதங்கள் வந்தன. போன்களும் வந்தன. "கொஞ்சம் மெதுவாகச் சொல்லும்மா, எழுதிக்கொள்கிறேன்" என்று தாழ்ந்த குரலில் பேசிய பெண்கள். பல வருஷம் கழித்துப் பத்துமலையில் ஒரு அம்மா பர்ஸைத் திறந்து அந்தக் கட்டத்தைக் காட்டினார். மடித்த இடமெல்லாம் கிழிந்து, டேப் ஒட்டி வைத்திருந்தார். தலையங்கப் பக்கத்தில் அதை எழுதியிருந்தால் அவர் கைக்குப் போயிருக்காது. அவர் பிரித்துப் படித்தது பெண்கள் பக்கத்தை மட்டும்தான்.

அதனால் அந்தப் பக்கத்தைக் கீழாக நினைக்காதீர்கள். 1925இலேயே சென்னையில் வை.மு. கோதைநாயகி அம்மாள் 'ஜகன்மோகினி'யை ஏற்றுப் பல பத்தாண்டுகள் நடத்தியிருக்கிறார். கதையும் நாவலும் படிக்க வந்த பெண்களிடம்தான் அவர் சமூகச் சீர்திருத்தம் பேசினார். இங்கே ஜைனா அன்வாரைப் பாருங்கள். நியூ ஸ்ட்ரெய்ட்ஸ் டைம்ஸில் நிருபராக இருந்தவர், முஸ்லிம் பெண்களின் உரிமைக்காகப் பேசும் 'சிஸ்டர்ஸ் இன் இஸ்லாம்' அமைப்பைத் தொடங்கியவர்களில் ஒருவரானார். 2009இல் கோலாலம்பூரில் முஸ்லிம் குடும்பங்களில் சமத்துவம் கேட்கும் 'முசாவா' என்ற உலக அளவிலான இயக்கம் தொடங்கியதிலும் அவருக்குப் பெரிய பங்கு உண்டு. நிருபர் வேலையும் உரிமைப் பணியும் ஒரே ஆளிடம் ஒத்துப்போகாது என்பவர்களுக்கு அவர் வாழ்க்கையே பதில்.

சட்டம் இருந்து என்ன பயன் என்று கேட்பவர்களுக்கும் ஒன்று சொல்கிறேன். எழுதினால் சட்டம் நகர்கிறது, மெதுவாகத்தான். பிள்ளைக்குக் காப்பாளர் அப்பா மட்டும்தான் என்றிருந்த 1961ஆம் ஆண்டுச் சட்டத்தை 1999இல் திருத்தினார்கள். அதற்கு முன் பிள்ளையின் பாஸ்போர்ட்டுக்கு அம்மா கையெழுத்துப் போட்டால் செல்லாது. விட்டுவிட்டு ஓடிப்போன புருஷனைத் தேடிப் போய்க் கையெழுத்து வாங்கிய பெண்களை நான் பேட்டி எடுத்திருக்கிறேன். 2001இல், பாகுபாடு காட்டக் கூடாது என்கிற அரசியலமைப்பின் 8ஆவது பிரிவில் பாலினம் என்ற வார்த்தை சேர்ந்தது. 2018 முதல் சமூக நல அதிகாரியே 7 நாளுக்கு அவசரப் பாதுகாப்பு ஆணை தரலாம். பாலியல் தொல்லைக்கு எதிரான சட்டம் 2022இல் வந்தது. ஒவ்வொன்றுக்கும் பின்னால் இப்படிப்பட்ட பேட்டிகளும் கட்டங்களும் நிறைய உண்டு.

சரி, காசு. தமிழ்ப் பத்திரிகைச் சம்பளத்தில் கோலாலம்பூர் வாடகை கட்டுவது கஷ்டம். நான் மொழிபெயர்த்தேன், டியூஷன் எடுத்தேன். ஏன் ஆங்கிலப் பத்திரிகைக்குப் போகவில்லை என்று கேட்பார்கள். அந்த அக்கா ஆங்கிலப் பத்திரிகை அலுவலகத்துக்குப் போயிருக்க மாட்டார், அதனால்தான்.

சம்பளம் ஏன் குறைவு என்று யோசிக்கும்போதெல்லாம் வயிறு எரிகிறது. 1924இல் தொடங்கிய 'தமிழ் நேசன்' நாளிதழ் 2019 ஜனவரியோடு நின்றபோது வாட்ஸ்அப் குழுக்களில் ஒரே அழுகை. அதே குழுக்களில்தான் காலையில் கண் விழித்ததும் முழுப் பத்திரிகையையும் பிடிஎஃப் ஆக அனுப்புகிறார்கள். அனுப்புகிறவர் வாத்தியாராக இருப்பார், சங்கத் தலைவராக இருப்பார். கேட்டால் தமிழ்ச் சேவை என்பார். ஒரு பத்திரிகையின் விலை அப்படியொன்றும் பெரிதில்லை. நிருபர் பிள்ளைகளின் சாப்பாட்டில் கை வைப்பது எப்படிச் சேவையாகும்?

உங்கள் வீட்டில் ராத்திரி வேலை, பாதுகாப்பு என்று பயப்படுவார்கள். நியாயமான பயம்தான். வேலைக்குச் சேரும்போதே, ராத்திரி செய்தி சேகரிக்கப் போனால் திரும்ப வண்டி தருவார்களா என்று கேளுங்கள். மலாய் மொழியை நன்றாகப் பிடித்துக்கொள்ளுங்கள், நீதிமன்றக் குற்றச்சாட்டு மலாயில்தான் இருக்கும். பாதிக்கப்பட்ட பிள்ளை எதுவென்று தெரியும்படி எழுதினால் 2001ஆம் ஆண்டின் குழந்தைகள் சட்டப்படி உங்கள் மேலேயே வழக்கு வரும், அதைப் படித்து வையுங்கள். வேலை கிடைக்கும்வரை சும்மா இருக்க வேண்டாம். ஜாலான் டூத்தா நீதிமன்ற வளாகத்தில் மாஜிஸ்திரேட் நீதிமன்றங்களில் பொதுமக்கள் உட்கார்ந்து கேட்கலாம். காலையிலேயே போங்கள், ஒரு நோட்டு எடுத்துக்கொள்ளுங்கள், யாருக்கு வழக்கறிஞர் இருக்கிறார், யாருக்கு இல்லை என்று குறித்து வையுங்கள்.