தாத்தா நிலம் என்றாலே பூர்வீகம் ஆகிவிடாது

வணக்கம் சகோதரி. தாத்தா நிலத்தை அப்பா முழுவதும் அண்ணனுக்கு எழுதிவிட்டார், எனக்குப் பங்கு உண்டா என்று கேட்டிருக்கிறீர்கள். இந்துக் குடும்பம் என்று எடுத்துக்கொண்டு சொல்கிறேன். "1985-லேயே கல்யாணம் ஆகிவிட்டது, உனக்குப் பங்கில்லை" என்று அண்ணன் சொல்வதை ஒதுக்கி வையுங்கள். அதற்கு முன்பே கல்யாணமான பெண்களுக்குப் பங்கில்லை என்பது, இந்து வாரிசுரிமைச் சட்டத்தில் 1989-இல் தமிழ்நாடு செய்த திருத்தத்தின் கணக்கு. பூர்வீகச் சொத்தில் மகளுக்கும் மகனுக்கு இணையான பங்கு தந்த 2005 மத்தியத் திருத்தத்தில் அந்தத் தடை கிடையாது. அந்தத் திருத்தம் வந்தபோது அப்பா உயிரோடு இருந்திருக்க வேண்டியதில்லை என்று 2020-இல் உச்ச நீதிமன்றமும் சொல்லிவிட்டது.

உங்கள் விஷயத்தில் சிக்கல் வேறு இடத்தில். அப்பா நிலம் முழுவதையும் அண்ணனுக்கு செட்டில்மெண்ட் (பணம் வாங்காமல் சொத்தை எழுதிக் கொடுக்கும் பத்திரம்) எழுதியிருக்கிறார். தாத்தா அதைச் சொந்தமாகக் கிரயம் வாங்கி, 1956 இந்து வாரிசுரிமைச் சட்டத்துக்குப் பின் உயில் எழுதாமல் இறந்திருந்தால், அப்பாவுக்கு வந்தது அவருடைய தனிச் சொத்து. ஊரே பூர்வீகம் என்று சொன்னாலும் சட்டம் அப்படிப் பார்க்காது. அவர் பங்கை யாருக்கும் எழுதலாம். அவர் பங்கை மட்டும்தான்! அத்தைகள் இருந்தால் அவர்களும் வாரிசுகள், அவர்கள் பங்கையும் சேர்த்து எழுத அவருக்கு உரிமையில்லை. கொள்ளுத்தாத்தா காலத்திலிருந்து பிரிக்காமல் வந்த நிலம் என்றால் நீங்களே பாகப்பிரிவினை வழக்குப் போடலாம்.

அதனால் முதலில் தாய்ப் பத்திரத்தையும் (நிலம் முன்பு யாரிடமிருந்து வந்தது என்று காட்டும் பழைய பத்திரம்) வில்லங்கச் சான்றையும் (நிலத்தின் மேல் பதிவான பத்திரங்களின் பட்டியல்) எடுங்கள். அண்ணன் பெயரில் பட்டா மாறியிருந்தால் பதற வேண்டாம், பட்டா மட்டுமே உரிமையைத் தீர்மானிக்காது. அப்புறம், "சும்மா ஒரு கையெழுத்து" என்று விடுதலைப் பத்திரம் (உங்கள் பங்கை விட்டுக்கொடுக்கும் பத்திரம்) நீட்டினால், வக்கீல் படிக்காமல் போட்டுவிடாதீர்கள்.