முந்தானையால மூடின கண்ணு

மேடம், பிரெஞ்சுக் கலைஞர் ஓர்லான் பத்தி நீங்க எழுதினத படிச்சேன். அழகாகணும்னு பிளாஸ்டிக் சர்ஜரி பண்ணிக்கிட்டு அதக் கலைங்கிறது மனநோய் இல்லையா? கையில காது வச்சுக்கிட்ட ஆஸ்திரேலியக் கலைஞர் ஸ்டெலார்க்கும் அப்படித்தானே? நம்ம ஊர்ல அலகு குத்துறதாவது பக்தி. காலேஜ் படிக்கிற என் பொண்ணு மூக்கு நடுத்தண்டுல குத்தி செப்டம் ரிங் போட்டுட்டு 'என் பாடி, என் ஆர்ட்'ங்கிறா. ஒரு மாசமா அவகிட்ட பேசல. இதுக்கெல்லாம் எல்லை எது?
(பெயர் வேண்டாம், திருச்சி)

சார்,

நாலு நாளா நானும் இதையேதான் யோசிச்சிட்டு இருந்தேன், அதான் உடனே பதில். அலகு விஷயத்த விட்டுருங்க. அது நேர்த்திக்கடன், சுத்தி நிக்கிறவங்க ரசிகர்கள் இல்ல. மனநோயான்னு சொல்ல நீங்களும் டாக்டர் இல்ல, நானும் இல்ல.

ஸ்டெலார்க் இடது முன்கையில ஆபரேஷன் பண்ணி காது வச்சு, அதுக்குள்ள மைக் வச்சு, இன்ஃபெக்‌ஷன் ஆகி மைக்க எடுக்க வேண்டியதாப் போச்சு. அவர் மேல எனக்குப் பெரிய ஈடுபாடு கிடையாது, ஆனா காதுன்னதும் எங்க ஆச்சி ஞாபகம் வந்துருச்சு.

ஸ்ரீவைகுண்டம் பக்கம் ஆச்சிக்கு. கைக்குழந்தையிலயே காதக் கீறி, பஞ்சு திணிச்சு, அப்புறம் ஓலைச்சுருள், அப்புறம் ஈயக் குணுக்குன்னு மாட்டி தோள் வரைக்கும் தொங்கவிட்டிருக்காங்க, பாம்படம்னு கனமான காதணி போடணும்ல. அறுபது வருஷம் அந்தக் காதோட இருந்தவள, 1988ல பேத்தி கல்யாணம் மெட்ராஸ்லன்னு ஆனதும் 'தொள்ளக்காதோடயா மண்டபத்துல நிப்ப'ன்னு மாமாக்கள் கூட்டிட்டுப் போயி அறுத்து தச்சுட்டாங்க. மரத்துப்போற ஊசிதான், முழிச்சுக்கிட்டுதான் இருந்திருக்கா, பயப்படுவாளேன்னு பெரிய மாமா அவ முந்தானைய எடுத்தே கண்ண மூடிட்டாராம். ரெண்டு தடவையும் அவகிட்ட யாரும் கேக்கல. தச்ச எடத்துல துவரம்பருப்பு மாதிரி ஒரு கட்டி. யோசனையில இருந்தா, இல்லாத பாம்படத்த தாங்குற மாதிரி கை தானா அங்க போகும்.

இப்ப ஓர்லான். அழகாகணும்னு பண்ணினான்னு எழுதியிருக்கீங்களே, நான் எழுதினத நெஜமாவே படிச்சீங்களா? கன்னத்த எடுப்பா காட்ட வைக்கிற இம்ப்ளாண்ட்ட நெத்தியில ரெண்டு பக்கமும் கொம்பு மொளைக்கிற மாதிரி வச்சுக்கிட்டவ சார் அவ! அழகுக்கு யாராவது அப்படி வைப்பாங்களா? 1990லேருந்து 1993 வரைக்கும் ஒம்பது ஆபரேஷன். 1993 நவம்பர் 21 நியூயார்க்ல நடந்தது ஏழாவது. அவளுக்கும் மரத்துப்போற ஊசி மட்டும்தான். கத்தி மூஞ்சியில ஓடுது, அவ பாட்டுக்கு புத்தகத்த வாசிக்கிறா, சேட்டிலைட்ல பாக்குறவங்க கேக்குற கேள்விக்கு பதில் சொல்றா. ரத்தத்த விட அதுதான் ஆளுங்கள கலங்கடிச்சிருக்கும்னு நினைக்கிறேன். பொம்பள ஒடம்புல கத்தி படுறது நமக்கு ஒண்ணும் புதுசில்ல, அவ கண்ணத் தொறந்து வச்சுக்கிட்டு பேசிட்டே இருந்தா மட்டும் தாங்கமாட்டேங்குது. இத ஆச்சி கதையோட சேத்து வச்சுப் பாத்ததுக்கு அப்புறம்தான் எனக்கே ஓர்லான் புரிஞ்சா.

எல்லை எதுன்னு கேட்டீங்க. ஒரு மூக்கு ரிங்குக்கு ஒரு மாசம் பேசாம இருக்கிறீங்களே, அதுக்கு எல்லை எது? உங்க பொண்ண மாமா மடியில ஒக்காரவச்சு காது குத்தினப்ப அவ வீறிட்டு கத்துனத போட்டோ எடுத்து ஆல்பத்துல ஒட்டி வச்சிருப்பீங்கல்ல?

ஒரு மாசத்துல செப்டம் முழுசா ஆறாது. சலைன் வச்சு கழுவுறியாம்மா, ரிங்க தொட்டுத் தொட்டு திருப்பாம இருக்கியான்னு இன்னிக்கு ராத்திரி சாப்பிடும்போது கேளுங்க.