கடலோர நெடும்பாதைக்கு மலையில் பயிற்சி: சேலத்து நடையர்களின் கேள்விகளும் பதில்களும்

சேர்வராயன் மலையடிவாரத்தில் வாரந்தோறும் சேர்ந்து நடக்கும் நண்பர்கள் பலர், இங்கிலாந்தின் தென்மேற்குக் கரையோர நடைபாதையைப் பற்றி அண்மைக் காலமாக என்னிடம் கேட்டு வருகிறார்கள். சிலருக்குப் பிள்ளைகள் அங்கே வேலையில் இருக்கிறார்கள். சிலருக்கு நெடுந்தூரம் நடக்க வேண்டும் என்பது நீண்ட நாள் ஆசை. அந்தப் பாதையில் நடந்தவன் என்ற முறையில், வந்த கேள்விகளைத் திரட்டிப் பதில் எழுதியிருக்கிறேன்.

ஐயா, இந்தப் பாதை எங்கே தொடங்கி எங்கே முடிகிறது? கடலோரம் நெடுக இப்படியொரு பாதையை யார், எதற்காக ஏற்படுத்தினார்கள்? (ஓய்வுபெற்ற ஆசிரியர், அழகாபுரம்)

சோமர்செட்டில் உள்ள மைன்ஹெட் என்ற சிற்றூரில் தொடங்கும் பாதை, டெவனின் வடகரை, கார்ன்வாலின் முழுக் கரை, டெவனின் தென்கரை, டார்செட் என்று சுற்றி வந்து, பூல் துறைமுக வாயிலில் சவுத் ஹேவன் முனையில் முடிகிறது. மொத்தம் 630 மைல், அதாவது 1,014 கிலோமீட்டர். பெரும்பாலோர் இந்தத் திசையில்தான் நடக்கிறார்கள். அப்படி நடந்தால் முதல் நாளிலிருந்து கடைசி நாள் வரை கடல் வலக்கைப் பக்கமே இருக்கும். ஓக் மரத்துக் கொட்டையின் உருவம் பொறித்த கம்பங்கள் வழிகாட்டும்.

இதை நடப்பவர்களின் இன்பத்துக்காக யாரும் போடவில்லை. தீர்வை கட்டாமல் பிராந்தியும் தேயிலையும் புகையிலையும் படகில் வந்து இறங்கிய காலத்தில், கள்ளக்கடத்தலைத் தடுக்கும் காவலர்கள் இரவும் பகலும் கரையோரம் ரோந்து வந்தார்கள். மேலே நின்று பார்த்தால் கண்ணுக்குப் படாத சிறு குடாக்களில்தான் சரக்கு இறங்கும் என்பதால், ஒவ்வொரு குடாவையும் எட்டிப் பார்த்தே அவர்கள் அடுத்த இடத்துக்குப் போக வேண்டியிருந்தது. அவர்களுடைய காலடி விழுந்த தடமே பிற்காலத்தில் பொதுப் பாதையாக அறிவிக்கப்பட்டு, பகுதி பகுதியாகத் திறக்கப்பட்டு, 1978இல் முழுமை பெற்றது. பாதை ஏன் நேராகப் போகாமல் ஒவ்வொரு பள்ளத்திலும் இறங்கி ஏறுகிறது என்று நடப்பவர்கள் சலித்துக்கொள்வதற்குக் காரணமும் இந்த வரலாறுதான்.

சேலத்தில் கடல் இல்லை. நமக்கு மிக அருகிலுள்ள கடலே ஏறக்குறைய இருநூறு கிலோமீட்டர் தள்ளி இருக்கிறது. கடலூர், புதுச்சேரி மணலில் போய் நடந்து பழகினால் பயன்படுமா? (ஜவுளி வியாபாரி, செவ்வாய்ப்பேட்டை)

வேண்டாம். எல்லாரும் முதலில் தவறாக நினைப்பது இதைத்தான் என்பதால், சற்று விரிவாகவே சொல்கிறேன்.

கடலோரப் பாதை என்றதும் நம் மனத்தில் மெரினாவும் அலை நனைக்கும் ஈரமணலும் தோன்றுகின்றன. அங்கே நிலைமை அப்படி இல்லை. நிலம் கடலை நோக்கிச் சரிந்து வராமல், செங்குத்தான பாறைச் சுவராக நின்று அங்கேயே அறுந்துபோகிறது. பாதை அந்தச் சுவரின் விளிம்பையொட்டிச் செல்கிறது. உள்நாட்டிலிருந்து வரும் ஓடைகள் சுவரை அறுத்துப் பள்ளத்தாக்குகளை உண்டாக்கியிருப்பதால், ஒவ்வோர் ஓடைக்கும் ஒருமுறை கடல்மட்டம் வரை இறங்கி, மறுகரையில் மீண்டும் விளிம்பு வரை ஏற வேண்டும். மிக உயர்ந்த இடமான கிரேட் ஹேங்மன் குன்றின் உயரம் 318 மீட்டர் மட்டுமே. ஆனால் முழுப் பாதையிலும் ஏறும் உயரத்தைக் கூட்டினால் ஏறக்குறைய 35,000 மீட்டர் வருகிறது. சேலம் நகருக்கும் ஏற்காட்டுக்கும் உள்ள உயர வேறுபாடு ஏறக்குறைய 1,200 மீட்டர் என்று கொண்டால், முப்பது முறைக்குச் சற்றுக் குறைவாக ஏற்காட்டுக்கு நடந்து ஏறி இறங்குவதற்கு அது சமம். ஹார்ட்லண்ட் கீ முதல் பியூட் வரையுள்ள ஒரே நாள் நடையில், சுமார் 25 கிலோமீட்டருக்குள் பத்துப் பள்ளத்தாக்குகள் குறுக்கிடுகின்றன. நான் அன்று களைத்தது தூரத்தால் அன்று. ஏறி முடித்து மூச்சு வாங்கி நிமிர்ந்தவுடன் அடுத்த பள்ளமும் அதன் எதிர்ச்சரிவில் கோடு போட்டதுபோல் ஏறும் பாதையும் கண்முன் தெரிந்துகொண்டே இருந்ததால்தான்.

ஆகவே மலையடிவாரத்தில் வாழும் நாம் இந்தப் பாதைக்குப் பொருத்தமான இடத்தில்தான் இருக்கிறோம். கொண்டப்பநாயக்கன்பட்டியிலிருந்து குண்டூர் பக்கம் ஏறும் காட்டுப் பாதையில் வனத்துறையின் அனுமதியோடு நடந்து பழகலாம். நகரத்துக்குள் இருப்பவர்கள் குமரகிரிப் படிகளில் முதுகுப்பையுடன் ஏறி இறங்கலாம். இவற்றைவிடச் சிறந்த பயிற்சி கொல்லிமலையில் ஆகாயகங்கை அருவிக்குச் செல்லும் படிக்கட்டு. அங்கே ஆயிரத்துக்கும் மேற்பட்ட படிகளை முதலில் இறங்கிவிட்டு, கால் தளர்ந்த பிறகு ஏறி வர வேண்டும். கரையோரப் பாதையின் ஒவ்வொரு பள்ளமும் அதே வரிசையில்தான் உடலைச் சோதிக்கிறது. ஏறுவதற்கு மட்டும் பழகிவிட்டு, இறங்கும்போது பேருந்தில் வந்துவிடும் நம் வழக்கத்தை இந்தப் பயிற்சிக் காலத்திலாவது கைவிட வேண்டும், ஏனெனில் முழங்கால் வலிப்பது பெரும்பாலும் இறக்கத்தில்தான்.

எனக்குப் பத்து நாள் விடுப்புதான் கிடைக்கும். எந்தப் பகுதியைத் தேர்ந்தெடுக்கலாம்? (வங்கி அலுவலர், பேர்லண்ட்ஸ்)

முழுப் பாதைக்கு ஏழெட்டு வாரம் பிடிக்கும் என்பதால், உள்ளூர்க்காரர்களே ஆண்டுக்கொரு பகுதியாகத்தான் முடிக்கிறார்கள். உங்களுக்கு நான் பரிந்துரைப்பது கார்ன்வாலின் மேற்கு நுனியைச் சுற்றிவரும் செயின்ட் ஐவ்ஸ் முதல் பென்சான்ஸ் வரையான பகுதி. ஏறக்குறைய 65 கிலோமீட்டர் தூரம். ஐந்து அல்லது ஆறு நாளில் நிதானமாக முடிக்கலாம். இரண்டு ஊரிலும் ரயில் நிலையம் இருக்கிறது.

செயின்ட் ஐவ்ஸிலிருந்து ஜெனர், பெண்டீன் வரையான முதல் இரண்டு நாள் கடினமானவை. பெரும் பாறைகளுக்கு இடையே கையூன்றி ஏற வேண்டிய இடங்களும் சேற்றுக் குழிகளும் உண்டு. வேகம் மணிக்கு இரண்டு கிலோமீட்டராகக் குறைந்தாலும் வியப்பில்லை. அதன்பின் பொட்டாலக்கில், கடல் அறையும் பாறைச் சரிவிலேயே பழைய சுரங்கத்தின் எந்திரக் கூடங்கள் நிற்கின்றன. அந்தச் சுரங்கங்கள் கடலுக்கு அடியிலும் நீண்டவை. லேண்ட்ஸ் எண்ட் முனையைத் தாண்டி வரும் போர்த்கர்னோ என்ற சிறு குடாவில் நம்மவர்கள் கட்டாயம் சிறிது நேரம் நிற்க வேண்டும். 1870இல் பம்பாயையும் இங்கிலாந்தையும் இணைத்த கடலடித் தந்திக்கம்பி கரையேறிய இடம் அது. இப்போது அங்கே அதற்கென்று ஓர் அருங்காட்சியகமும் இருக்கிறது.

வழியில் ஆறுகள் கடலில் கலக்கும் இடங்களை எப்படிக் கடப்பது? பாலம் இருக்குமா? (ரயில்வே ஊழியர், சூரமங்கலம்)

பெரும்பாலான கழிமுகங்களில் பாலம் இல்லை, படகுதான். பேட்ஸ்டோவிலிருந்து ராக், ஃபால்மத்திலிருந்து செயின்ட் மாஸ், டார்ட்மத்திலிருந்து கிங்ஸ்வேர் என்று பல இடங்களில் படகுத்துறைகள் உள்ளன. சில படகுகள் கோடையில் மட்டுமே ஓடும். சில நண்பகலில் ஓய்வெடுக்கும். அன்றன்று ஓடும் நேரத்தை முதல் நாள் இரவே பார்த்துக்கொள்வது அவசியம். சிறு படகுகளுக்குச் சில்லறை கையில் இருக்கட்டும்.

தென் டெவனில் உள்ள எர்ம் ஆறு மட்டும் தனி வகை. அங்கே பாலமும் இல்லை, படகும் இல்லை. நீர் வற்றும் வேளையில் இறங்கி நடந்துதான் கடக்க வேண்டும். ஓதம், அதாவது கடல்நீரின் ஏற்ற இறக்கம், மிகத் தாழ்ந்த நேரத்துக்கு ஒரு மணி முன்னும் ஒரு மணி பின்னும் மட்டுமே அது பாதுகாப்பு. கரையில் சாலை சரிந்து தண்ணீருக்குள்ளேயே போய்விடுகிறது. எதிர்க்கரையிலும் அதேபோல் ஒரு சரிவு தெரியும். பூட்ஸைக் கழற்றிக் கழுத்தில் மாட்டிக்கொண்டு, ஊன்றுகோலால் ஆழம் பார்த்து இறங்கினால், வரிவரியாக இறுகிய மணல் காலுக்கு நன்றாகவே பிடிகொடுக்கிறது. நீர் பெரும்பாலும் முழங்கால் அளவுதான், ஆனால் கோடையிலும் எலும்பைக் குடையும் குளிர்ச்சி. மேலே மலையில் கனமழை பெய்திருந்தால் நேரம் சரியாக இருந்தாலும் இறங்கக் கூடாது. வாடகைக் காரில் சுற்றிப் போய்விடுங்கள்.

ஓதம் ஒரு நாளில் இருமுறை ஏறி இருமுறை வற்றும். நேரம் நாளுக்கு ஏறக்குறைய ஐம்பது நிமிடம் தள்ளிப்போகும். ரயில் கால அட்டவணையோடு வாழ்பவர் நீங்கள். ஓத அட்டவணை உங்களுக்கு ஒரு மாலையில் பிடிபட்டுவிடும். எர்ம் ஆற்றின் நேரத்தை முதலில் குறித்துக்கொண்டு, அதற்கு முந்திய இரண்டு நாள் நடையை அங்கிருந்து பின்னோக்கித் திட்டமிடுங்கள்.

நாங்கள் சைவம். அங்கே சாப்பாட்டுக்கு என்ன செய்வது? இங்கிருந்து என்னென்ன எடுத்துப் போகலாம்? (இல்லத்தரசி, அம்மாப்பேட்டை)

அம்மா, பயப்பட வேண்டியதில்லை. கடையில் விற்கும் உணவின் உறையிலேயே சைவமா இல்லையா என்று அச்சிட்டிருப்பார்கள். கார்ன்வாலின் பேர்பெற்ற பாஸ்டி என்ற மாவுப் பொதியில் வழக்கமாக மாட்டிறைச்சிதான் இருக்கும். பாலாடைக்கட்டியும் வெங்காயமும் வைத்தது வேறாகக் கிடைக்கும், கேட்டு வாங்குங்கள். பருப்புப்பொடி, புளிக்காய்ச்சல், அவல் எடுத்துப் போகலாம். நெய், பால்கோவா போன்ற பால் பொருள்களை இந்தியாவிலிருந்து அந்த நாட்டுக்குள் கொண்டுபோக அனுமதி இல்லை. ஊர்களுக்கு இடையே பல மணி நேரம் ஒரு கடையும் வராத பகுதிகள் உண்டு என்பதால், பகல் உணவையும் இரண்டு லிட்டர் தண்ணீரையும் காலையிலேயே பையில் வைத்துக்கொள்ளுங்கள்.

எந்த மாதம் நல்லது, அண்ணா? மழை எப்படி இருக்கும்? (கல்லூரி மாணவர், ஓமலூர்)

தம்பி, மே, ஜூன், செப்டம்பர். ஜூனில் பதினாறு மணி நேரத்துக்கும் மேல் வெளிச்சம் இருக்கும், பூக்களும் அப்போதுதான். ஜூலை, ஆகஸ்டில் அங்கே பள்ளி விடுமுறை என்பதால் தங்குமிடம் கிடைப்பது அரிது. மழை எந்த மாதத்திலும் வரும். நம் ஊர் மழைபோல் கொட்டித் தீர்த்துவிட்டு ஓயாமல், காற்றோடு பக்கவாட்டில் அடிக்கும். குடை ஒரு நிமிடத்தில் முறிந்துவிடும். நல்ல மழைக்கோட்டும் மழைக் கால்சட்டையும் வாங்கக் கணக்குப் பார்க்காதீர்கள். பருத்தி உடையைத் தவிர்த்துவிடுங்கள், ஏனெனில் நனைந்த பருத்தி அந்தக் காற்றில் உடல் சூட்டை உறிஞ்சிவிடும். டிசம்பரில் ஏற்காட்டில் எதிரே வருபவர் தெரியாத பனிமூட்டத்தில் நடந்த பழக்கம் உங்களுக்கு உண்டல்லவா? அங்கே கடல்மூட்டம் வந்தால் அதைவிட நிதானம் வேண்டும், ஏனெனில் பக்கத்தில் விளிம்பு இருக்கிறது.

பாம்பு உண்டா? (காப்பித் தோட்ட மேலாளர், ஏற்காடு)

நச்சுப் பாம்பு ஒரே வகைதான், ஒருவகை விரியன். மிதிக்காதவரை விலகிப் போய்விடும். உண்ணிக்குத்தான் அதிகம் கவனம் வேண்டும். அது நோய் பரப்பும் என்பதால், நடை முடிந்ததும் கால்களையும் முழங்கால் மடிப்பையும் பார்த்துவிடுங்கள்.

கூடாரம் போட்டுத் தங்கினால் செலவு குறையுமே? (அதே மாணவர்)

குறையும். ஆனால் நிலத்துக்கு உரியவர் அனுமதி இல்லாமல் கூடாரம் போடக் கூடாது. கட்டணம் செலுத்தும் முகாம் இடங்கள் வழிநெடுக இருக்கின்றன, அவற்றையே பயன்படுத்துங்கள்.

எனக்கு அறுபத்து மூன்று வயது. தனியாக நடக்கலாமா? விளிம்பிலிருந்து விழும் ஆபத்து எந்த அளவு? (ஓய்வுபெற்ற செவிலியர், அஸ்தம்பட்டி)

அம்மா, உங்கள் வயதில் தனியாக நடக்கும் பெண்களை வழியில் நிறையவே பார்க்கலாம். பெரும்பகுதிக்கு வேலி இல்லை என்பதால் மூன்று பழக்கங்கள் வேண்டும். படம் எடுக்க விளிம்புக்குப் போகாதீர்கள். மழைக்குப் பின் மண் சரியும், கீழே குடைந்திருப்பது மேலிருந்து தெரியாது. பாதை மூடியிருக்கிறது என்று பலகை இருந்தால் மாற்றுவழியில்தான் போக வேண்டும். டார்செட்டில் லல்வொர்த் அருகே ராணுவத் துப்பாக்கிப் பயிற்சி நடக்கும் நிலத்தின் ஊடே பாதை போகிறது. அது பெரும்பாலான வார இறுதிகளில் திறந்திருக்கும், மற்ற நாள்களில் மூடியிருக்கலாம். யாருக்காவது அடிபட்டால் 999 எண்ணை அழைத்துக் கடலோரக் காவல்படையைக் கேளுங்கள். கைபேசி எடுக்காத பள்ளங்கள் உண்டு என்பதால், எந்த ஊரில் எத்தனை மணிக்குச் சேர்வீர்கள் என்று தங்கும் வீட்டாரிடம் சொல்லி வையுங்கள். இரண்டு ஊன்றுகோலும் வேண்டும். இறக்கத்தில் அவை முழங்காலின் பாரத்தைக் குறைக்கும். சுமையை அடுத்த ஊருக்கு வண்டியில் கொண்டுபோய்ச் சேர்ப்பவர்களும் இருப்பதால், முதுகில் ஒருநாள் பையோடு மட்டும் நடக்கலாம்.

போவது என்று முடிவெடுத்தால் முதலில் எதைப் பதிவு செய்ய வேண்டும்? (பலர்)

முதலில் விசா, வழக்கமான சுற்றுலா விசாவில் ஆறு மாதம் வரை தங்கலாம் என்பதால் முழுப் பாதைக்கும் காலம் போதும். அது கைக்கு வந்ததும், விமானச்சீட்டுக்கும் முன்பாகத் தங்குமிடங்களைப் பாருங்கள். ஜெனர் போன்ற சிற்றூரில் தங்கும் வீடுகள் மிகச் சிலவே. அங்கே இடம் கிடைக்கும் தேதியை வைத்துத்தான் மற்ற நாள்களை அமைக்க முடியும். மைன்ஹெட்டில் தொடங்குபவர்கள் லண்டன் பாடிங்டனிலிருந்து டான்டன் வரை ரயிலிலும், அங்கிருந்து பேருந்திலும் போகலாம். செயின்ட் ஐவ்ஸ் போவோரும் அதே பாடிங்டனில்தான் ஏற வேண்டும். பூட்ஸை மட்டும் அங்கே போய் வாங்காதீர்கள். இங்கேயே வாங்கி, குமரகிரிப் படிகளில் இரண்டு மாதமாவது போட்டு நடந்து காலுக்குப் பழக்கிக்கொண்டு புறப்படுங்கள்.